ஒரு சாக்கு நிழல்

செங்கரைப்பேட்டை நகராட்சி தினசரிச் சந்தையை இடித்துத் தள்ளிய மறுநாள் காலையில், புளியங்குடி எலுமிச்சை மூட்டையோடு முதல் பஸ்ஸில் வந்து இறங்கிய ஆவுடையம்மாள், பழக்கதோஷத்தில் நேரே போய் முப்பத்தோராம் நம்பர் வெங்காயக் கடையின் முன்படி இருந்த இடத்தில் சாக்கை விரித்து உட்கார்ந்து, காய்க்குத் தண்ணீர் தெளித்து, பெரிசு ஒரு பக்கம் சிறிசு ஒரு பக்கமாகப் பிரித்து அடுக்கி முடித்த பிறகுதான் நிமிர்ந்து பார்த்தாள். கடை இல்லை, படி இல்லை, படிக்கு மேலே நீட்டிக்கொண்டிருந்த தகரச் சார்ப்பு இல்லை, அண்ணாந்து பார்த்தால் சுண்ணாம்புத் தூசி அடங்காத வெறும் வானம். ஆனால் அவள் மேல் ஒரு பொட்டு வெயில் படவில்லை. சந்தையின் நிழல் எப்போதும் விழுகிற இடத்தில் எப்போதும் போல விழுந்து கிடந்தது. ஆவுடை அதை ஒரு தரம் பார்த்தாள், முந்தானையை இழுத்துச் செருகினாள், முதல் ஆளைக் கூவி அழைத்தாள்.

சந்தை இடிந்த கதை ஊருக்கே தெரிந்த கதைதான். கட்டடம் எப்போது வேண்டுமானாலும் தலையில் விழும், காலி செய்யுங்கள் என்றது நகராட்சி. கட்டடம் கல்லுக்குண்டு மாதிரி இருக்கிறது, எங்களைக் கிளப்பிவிட்டுப் புதுக் கட்டடத்தை வேண்டியவனுக்கு ஏலம் விடத்தான் இந்த நாடகம் என்றார்கள் வியாபாரிகள். வழக்கு நடந்தது, தடை வந்தது, தடை போனது, கடைசியில் உரிமம் வைத்திருப்பவர்களுக்குப் புதுக் கட்டடத்தில் கடை உண்டு, அதுவரைக்கும் ஊருக்கு வெளியே உரக்கிடங்குப் பக்கம் தகரக் கொட்டகை உண்டு என்று எழுதிக் கொடுத்துவிட்டு, விடிய ஒரு நாழிகை இருக்கும்போதே ஜேசிபியைக் கொண்டுவந்து நிறுத்திவிட்டார்கள். ஆவுடை இந்தக் கணக்கு எதிலும் வரமாட்டாள். அவள் உரிமதாரர் இல்லை, உள்வாடகைக்கு எடுத்தவளும் இல்லை, வழக்குப் போட்டவளும் இல்லை. முப்பத்தோராம் நம்பர் பொன்னுலிங்கம் அண்ணாச்சி கடை வாசலில் உட்கார்ந்து எலுமிச்சங்காய் விற்பவள், அவ்வளவுதான். அவளுக்கு இந்த உலகத்தில் வேண்டியது ஒரு சாக்கு விரிக்க நிழலான இடம். எலுமிச்சை பொல்லாத காய். வெயில் பட்டால் மத்தியானத்துக்குள் தோல் இறுகிவிடும், பெண்டுகள் விரலால் அமுக்கிப் பார்த்துவிட்டு நடையைக் கட்டுவார்கள்.

ஆனாலும் அந்தச் சந்தையில் அவளுக்கு ஒரு முறைமை இருந்தது. காலையில் எவன் கடை திறந்தாலும், ஆவுடை வந்து தராசுத் தட்டில் ஒரு காயை வைக்காமல் படிக்கல்லைத் தொடமாட்டான். அதுதான் போணி. அதேபோல, கடையைக் காலி செய்துகொண்டு போகிறவன் அவளைக் கூப்பிட்டு, வாசலில் ஒரு காயை இரண்டாக நறுக்கி, குங்குமம் தடவி, மேற்கே ஒரு பாதி கிழக்கே ஒரு பாதி வீசச் சொல்லிவிட்டுத்தான் சாவியைக் கொடுப்பான். இரண்டு பாதியும் விழுந்தால்தான் கடை மூடியதாகக் கணக்கு. விழாவிட்டால், மூடினது கடைக்கே தெரியாது என்பார்கள்.

அன்றைக்குக் காலை பொன்னுலிங்கம் அண்ணாச்சி, முப்பது வருஷம் உட்கார்ந்த இடத்தை ஒரு தடவை பார்த்து அழுதுவிட்டுப் போகலாம் என்று வந்தார். பருத்த சரீரம், இளகின மனசு, வியாபாரம் என்று வந்தால் மட்டும் அந்த மனசு எங்கேயோ போய் ஒளிந்துகொள்ளும்.

"ஏ ஆவுடை, எங்கட்டி உக்காந்திருக்க?"

"எப்பவும் உக்காருத எடத்துலதான் அண்ணாச்சி."

"கடை போயிட்டேட்டி."

"கடை போயிட்டு. நெழல் கெடக்குல்லா. நின்னா உங்களுக்குக் கால் வலிக்கும், உக்காருங்க."

அண்ணாச்சி உட்கார்ந்தார். உடம்பு குளிர்ந்தது. அழ வந்தவர் அழுகையை மறந்து, கீழே கிடந்த நிழலை உற்றுப் பார்த்தார். அவருடைய சார்ப்பின் கிழிந்த தகர ஓரம் தெரிந்தது; பக்கத்துப் பழக்கடையின் கொக்கியில் தொங்கிய வாழைத்தார்கூட, சீப்புச் சீப்பாகத் தெரிந்தது. அவர் எழுந்து வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, வெங்காய மூட்டைகளை அடைத்துப் போட்டிருந்த மச்சினன் வீட்டை நோக்கி ஓடினார்.

சாயங்காலத்துக்குள் சந்தை முழுக்கத் திரும்பிவிட்டது. உரக்கிடங்குக் கொட்டகைக்கு ஈ கூடப் போகவில்லை. இடித்த இடத்தைப் புதுக் கட்டடம் கட்ட வந்த ஒப்பந்தக்காரர் தகரத்தால் வேலி அடைத்துக்கொண்டார், அதனால் உள்ளே விழுந்த நிழல் அவருக்கு, வெளியே நீண்ட நிழல் வியாபாரிகளுக்கு என்று ஆயிற்று. ஊர் ஜனங்கள் ஒரு நாள் வேடிக்கை பார்த்தார்கள். நிழலின் அருமை வெயிலில் தெரியும் என்ற பழமொழியை ஆளாளுக்குச் சொல்லிச் சொல்லி, மறுநாளே யாரும் அதை வாயில் எடுப்பதில்லை என்கிற அளவுக்குத் தேய்த்துவிட்டார்கள். மூன்றாம் நாள், தக்காளி என்ன விலை என்பதுதான் பேச்சாக இருந்தது. பள்ளிக்கூடத்து வாத்தியார் ஒருத்தர் மட்டும் குடையைச் சாய்த்துச் சாய்த்துப் பார்த்துவிட்டு, கால் கிலோ கத்தரிக்காய் வாங்கிக்கொண்டு போனார்.

ஒரே ஒரு சங்கடம், நிழல் உட்கார விடவில்லை. காலையில் மேற்கே நீண்டு பஸ் ஸ்டாண்டு ரோடு வரைக்கும் தாராளமாகக் கிடக்கும். வெயில் ஏற ஏற அடி அடியாகப் பின்வாங்கும். மூட்டையும் தராசும் கூடையும் குழந்தையுமாகச் சனம் அதன் பின்னாலேயே நகரும். உச்சியில் வேலி ஓரம் ஒரு முழம் மிஞ்சும், அதில் எல்லோரும் முதுகைத் தகரத்தில் ஒட்டிக்கொண்டு நின்றபடியே சோற்றுப் பொட்டலத்தைப் பிரிப்பார்கள். பொழுது சாயத் தொடங்கியதும் நிழல் வேலிக்கு அந்தப் பக்கம் தலை நீட்டும், உடனே எல்லாவற்றையும் தூக்கிக்கொண்டு சுற்றி ஓடி, கிழக்கே நகராட்சி அலுவலக வாசலில் இறக்க வேண்டும். யாரும் சேர்ந்தாற்போல் சம்மணம் போட்டு உட்கார்ந்து நாளாயிற்று. பேரம் பேசும்போதும் ஒரு கண் தரையில் இருந்தது. வீட்டுக்குப் போய்க் கட்டிலில் படுத்தால்கூட, கால் தானாக நகர்ந்து கட்டில் ஓரத்துக்கு வந்தது என்று அண்ணாச்சியின் மனைவி ஊரெல்லாம் சொன்னாள்.

நகர்கிற இடம் என்றால் தகராறு சும்மா இருக்குமா. மேலவரிசைக் கடைக்காரர்கள் காலை நிழல் தங்களுடையது என்றார்கள், கீழவரிசை சாயங்கால நிழலுக்குச் சொந்தம் கொண்டாடியது, நிழலை உள்வாடகைக்கு விட்டவனும் உண்டு, தம்பிக்குத் தெரியாமல் தம்பியின் நிழலில் பாதியைத் தின்றவனும் உண்டு. சங்கம் கூடிப் பேசி, தரையில் சுண்ணாம்புக் கோடு போட்டுக் கடை நம்பர் எழுதினார்கள். நிழல் நகர்ந்ததும் கோடு வெயிலில் கிடந்தது, மறுபடி போட்டார்கள். சங்கத் தலைவர் பொன்னுலிங்கம் அண்ணாச்சிதான் சுண்ணாம்பு வாளியைத் தூக்கிக்கொண்டு முன்னால் போனவர். முப்பத்தோராம் நம்பருக்குக் கோடு இழுத்து வரும்போது, கோட்டுக்கு உள்ளே ஆவுடையின் சாக்கு இருந்தது.

"ஏட்டி ஆவுடை, மனசுல ஒண்ணும் நெனச்சுக்கிடாத. இந்தச் சார்ப்பு நான் கைக்காசு போட்டு அடிச்சது. அதோட நெழலு என் கடையோட சேத்தி. மூடை எறக்க எடம் பத்தல, பாத்துக்க."

"தகரத்த ஜேசிபி அள்ளிட்டுப் போயிட்டே அண்ணாச்சி."

"தகரம் போயிட்டு. நெழல் கெடக்குல்லா."

அவள் சொன்ன சொல்லையே அவளுக்குத் திருப்பிக் கொடுத்தார். ஆவுடைக்கு அழுகை வரவில்லை, கோபம்தான் வந்தது; நகராட்சிக்காரன் கிளப்பியிருந்தால் விதி என்று இருந்திருப்பாள், நேற்றுக் கிளப்பப்பட்டவன் இன்றைக்குக் கிளப்புகிறானே என்று நெஞ்சு கொதித்தது. சாக்கை உதறிச் சுருட்டிக்கொண்டு, ரோட்டோரம் வெயிலில் போய், கம்பி ஒடிந்த கறுப்புக் குடை ஒன்றைக் காய்க்குப் பிடித்துத் தான் வெயிலில் உட்கார்ந்தாள். மறுநாள் காலை எல்லாத் தராசிலும் எலுமிச்சை வைத்தாள், அண்ணாச்சி தராசிலும் வைத்தாள், ஏனென்றால் போணி போணிதான். ஆனால் அவர் முகத்தைப் பார்க்கவில்லை.

நகராட்சியும் சும்மா இருக்கவில்லை. நிழல் விழுகிற பொது இடத்தை ஆக்கிரமித்திருப்பவர்கள் உடனே காலி செய்ய வேண்டும் என்று நோட்டீஸ் அச்சடித்து, பில் கலெக்டர் ஜெபராஜிடம் கொடுத்து அனுப்பினார்கள். ஜெபராஜ் நல்ல மனுஷன், நோட்டீஸ் ஒட்டியே தலை நரைத்தவர், சட்டப்படி இடத்தில் ஒட்டியாக வேண்டும் என்பதில் மட்டும் விட்டுக்கொடுக்கமாட்டார். பசை வாளியோடு நிழலைச் சுற்றிச் சுற்றி வந்தார்.

"வே அண்ணாச்சி, எதுல ஒட்ட? சுவரே இல்லையே."

"இருந்த சுவர இடிச்சது நீருதான வே. நீரே சொல்லும்."

ஜெபராஜ் வேறு வழியில்லாமல் தரையில் ஒட்டினார். ஒட்டி நிமிர்வதற்குள் நிழல் நகர்ந்துபோக, நோட்டீஸ் காலி இடத்துக்குக் காலி செய்யச் சொல்லிக்கொண்டு வெயிலில் கிடந்தது, மைதாப் பசை வாசனைக்கு வந்த சந்தை மாடு ஒன்று அதை நக்கித் தின்றுவிட்டுப் போனது. இப்படி ஒட்டுவதும் மாடு தின்பதுமாகவே அந்த வேலை நடந்துகொண்டிருக்க, வேலிக்குள்ளே கொத்தனார்கள் நிழலில் சொகுசாக வேலை பார்த்துப் புதுக் கட்டடத்தை எழுப்பிவிட்டார்கள்.

பளபளவென்று ஓடு பதித்து, ஷட்டர் போட்டு, வேலியை எடுத்து, கடைகளைப் பழைய நம்பருக்கே பிரித்துக் கொடுத்த அன்றைக்குச் சித்திரை வெயில். நகராட்சிக் கமிஷனர் அம்மா ரிப்பன் வெட்டினார். எல்லோரும் கைதட்டிக்கொண்டு உள்ளே போனார்கள், போன வேகத்தில் வெளியே வந்தார்கள். கான்கிரீட் கூரைக்கு மேலே எவ்வளவு வெயில் அடித்ததோ அவ்வளவு வெயில் கூரைக்குக் கீழேயும் அடித்தது. தரை ஓடு காலைச் சுட்டது. அடுக்கிய தக்காளி படக்கென்று வெடித்தது. பொறியாளர் சிமெண்டைக் குறை சொன்னார், ஒப்பந்தக்காரர் பொறியாளரைக் குறை சொன்னார். வெளியே பழைய நிழல், கிழிந்த தகர ஓரமும் வாழைத்தாருமாக, யாரோ வரக் காத்திருப்பதுபோல் கிடந்தது. ஒரே இடத்தில் இரண்டு நிழல் எப்படி விழும், பழையது போகாமல் புதுக் கட்டடத்துக்கு நிழல் கிடையாது என்பது கொஞ்சம் கொஞ்சமாக எல்லோருக்கும் உறைத்தது.

இப்போது வியாபாரிகள் நிலைமை மத்தளம் போல ஆயிற்று. வெளியே நிழலில் உட்கார்ந்தால், கடையைத் திறக்காதவர்களுக்கு ஒதுக்கீடு ரத்து என்கிறார் கமிஷனர் அம்மா. உள்ளே உட்கார்ந்தால் சரக்கு வேகிறது. இத்தனை நாள் கோடு போட்டுப் பங்கு வைத்த நிழலை, எப்படியாவது தொலைந்தால் போதும் என்று திட்டத் தொடங்கினார்கள். தலையில் ஈரத்துண்டோடு ஷட்டருக்கும் தெருவுக்குமாக நடந்துகொண்டிருந்த பொன்னுலிங்கம் அண்ணாச்சிதான் திடீரென்று நின்றார்.

"ஏய், நாம பழைய கடைய மூடவே இல்லியேப்பா. அன்னைக்கு ஜேசிபி வந்த பதட்டத்துல எவனாவது ஆவுடையக் கூப்பிட்டானா?"

யாரும் கூப்பிடவில்லை. அவள் அன்றைக்கு ரோட்டுக்கு அந்தப் பக்கம் மூட்டையோடு நின்றுகொண்டுதான் இருந்தாள், கூப்பிடுவார்கள் என்று மடியில் குங்குமத்தைக்கூட எடுத்து வைத்திருந்தாள். கூப்பிடாமல் நறுக்குவது வழக்கமில்லை.

அண்ணாச்சியும் ஜெபராஜும் இன்னும் நாலைந்து பேரும், அவர்களுக்குப் பின்னால் நம்பவும் முடியாமல் நம்பாமல் இருக்கவும் முடியாமல் கமிஷனர் அம்மாவும், வெயிலில் கறுப்புக் குடைக்கு முன்னால் போய் நின்றார்கள். ஆவுடையின் முகம் கறுத்து உதடு வெடித்திருந்தது. எதிரே காய்கள் கூழாங்கல்லாகச் சுருங்கிக் கிடந்தன.

"ஆவுடை, ஒரு காய் நறுக்கணும்ட்டி."

அவள் குடைக்கு அப்பால் கிடந்த நிழலைப் பார்த்தாள். அந்த நிழலில் இப்போது அவளுக்கு இடமில்லைதான். ஆனாலும் அது போய்விட்டால் அவள் அங்கே உட்கார்ந்திருந்தாள் என்பதற்கு ஊரில் ஒரு தடமும் இல்லை.

"நறுக்குதேன் அண்ணாச்சி. எனக்குக் கடை வேண்டாம், நம்பர் வேண்டாம். உங்க புதுக் கடை முன்படியில, பழையபடி ஒரு சாக்கு விரிக்க எடம்."

கமிஷனர் அம்மா, "படிக்கட்டு பொதுவழிம்மா. அதை யாருக்கும் எழுதிக் கொடுக்கச் சட்டத்துல இடமில்லை" என்றார். பொய் சொல்லத் தெரியாதவர், பாவம்.

"எழுத வேண்டாம்மா. உக்காந்தா ஏன்னு கேக்காம இருந்தாப் போதும்."

கமிஷனர் அம்மா தலையைத் திருப்பிக்கொண்டார். அண்ணாச்சி பாய்ந்து முன்னால் வந்தார். "அதுக்கு நானாச்சு. என் தராசு மேல சத்தியம்ட்டி. நீ உக்காரு, எவன் கேக்கான்னு பாக்கேன்."

தராசின் மேல் சத்தியம் செய்யும்போது அண்ணாச்சியின் கண் தராசில் இல்லை, தக்காளி வெடிக்கிற சத்தம் வந்த திசையில் இருந்தது. ஆவுடை அதைப் பார்த்தாள். சரி என்றாள்.

இருந்ததிலேயே சாறுள்ள காயாக ஒன்றைத் தேர்ந்து, பழைய முன்படி இருந்த இடத்தில் குத்துக்காலிட்டு, அரிவாள்மணையில் நறுக்கிக் குங்குமம் தடவினாள். சந்தையே சுற்றி நின்றது. மேற்கே பஸ் ஸ்டாண்டு ரோட்டைப் பார்த்து ஒரு பாதியை வீசினாள். அது விழுந்த கணத்தில், விரித்த பாயைச் சுருட்டுகிற மாதிரி நிழல் ஒரு ஓரத்திலிருந்து எழும்பத் தொடங்கியது. சுண்ணாம்புக் கோடெல்லாம் வெயிலுக்கு வந்தது. வாழைத்தாரின் நிழல் சீப்புச் சீப்பாக உதிர்ந்து மறைந்தது. புதுக் கட்டடத்துக்குள்ளே குப்பென்று குளுமை இறங்க, குளிர்ந்துட்டு, குளிர்ந்துட்டு என்று கூவிக்கொண்டு ஒருத்தர் பாக்கியில்லாமல் உள்ளே ஓடினார்கள். கமிஷனர் அம்மாகூட ஓடாத குறையாக நடந்தார். கிழக்கே வீச வேண்டிய மறுபாதியைப் பார்க்க ஆவுடையைத் தவிர அங்கே யாரும் இல்லை. அவள் அதை உள்ளங்கையில் கொஞ்ச நேரம் வைத்திருந்து, முந்தானையில் முடிந்துகொண்டாள்.

மறுநாள் காலை சாக்கோடு அவள் வந்தபோது, முன்படிகளுக்கு மேலே சுவரில் பளிச்சென்று ஒரு போர்டு இருந்தது. படிகளில் அமர்ந்து வியாபாரம் செய்யக்கூடாது, இப்படிக்கு வியாபாரிகள் சங்கம். அண்ணாச்சி கல்லாவுக்குப் பின்னால் எதையோ மும்முரமாகத் தேடிக்கொண்டிருந்தார்.

"சங்கத்துல எல்லாரும் சேந்து முடிவு பண்ணிட்டாவட்டி. புதுக் கட்டடம் பாரு, பார்வையா இருக்கணும்னு. நான் ஒருத்தன் என்ன செய்ய."

"ஒண்ணும் செய்ய வேண்டாம் அண்ணாச்சி. நான் படியில உக்காரலியே."

அண்ணாச்சி எட்டிப் பார்த்தார். படிக்குக் கீழே, ரோட்டு ஓரமாக, கிழிந்த தகர ஓரத்தோடு ஒரு சாக்கு அகலத்துக்கு நிழல் விழுந்து கிடந்தது. புதுக் கட்டடத்துக்குத் தகரச் சார்ப்பே கிடையாது. ஆவுடை அந்த நிழலில் சாக்கை விரித்து, தண்ணீர் தெளித்து, பெரிசு ஒரு பக்கம் சிறிசு ஒரு பக்கமாக அடுக்கிக்கொண்டிருந்தாள். அவருக்குக் கணக்குப் புரிய வெகுநேரம் ஆகவில்லை.

"அடிப்பாவி. மத்த பாதி எங்கட்டி?"

"முந்தானையில இருக்கு. நீங்க சொன்ன சொல்லும் பாதிதான நடந்திருக்கு. ரெண்டும் பத்திரமா இருக்கட்டும்."

வெயில் ஏறியது. நிழல் ரோட்டிலிருந்து அடி அடியாக நகர்ந்து, உச்சியில் முன்படி மேலே ஏறியது. ஆவுடையும் சாக்கோடு படியேறிப் போர்டுக்கு நேர் கீழே உட்கார்ந்தாள். பொழுது சாய்ந்தது. நிழல் படியைத் தாண்டிக் கடைக்குள் புகுந்து, வெங்காய மூட்டைகளுக்கு நடுவே ஊர்ந்து கல்லாவை ஒட்டி நின்றது. ஆவுடையும் உள்ளே போய்க் கல்லாவை ஒட்டி உட்கார்ந்து, வெங்காயம் வாங்க வந்தவளுக்கு நாலு எலுமிச்சை விற்றாள். படியில் இடம் கொடுக்காத அண்ணாச்சி, மூட்டையைத் தள்ளி வைத்து வழிவிட்டார். போகச் சொன்னால் அவள் எங்கேயும் போகலாம், நிழல் அங்கேதான் கிடக்கும், மறுபாதி விழாமல் அது கிடக்கிற வரைக்கும் அவருடைய பழைய கடை மூடாத கடை.

மறுநாள் ஜெபராஜ் நோட்டீஸோடு வந்தார். இந்த முறை சுவர் இருந்தது, ஆனால் நோட்டீஸில் எழுதியிருந்த இடம் காலையில் ரோட்டிலும் மத்தியானம் படியிலும் சாயங்காலம் உரிமம் பெற்ற கடைக்குள்ளுமாக இருந்தது. உச்சி வெயிலில் பசை வாளியைக் கீழே வைத்துவிட்டு, கொஞ்சம் யோசித்துப் பார்க்கிறேன் என்று ஆவுடையின் பக்கத்தில் உட்கார்ந்தார். வெளியே அனலடித்தது, அந்த ஒரு சாக்கு இடத்தில் மட்டும் பழைய சந்தையின் குளுமை, பழைய சந்தையின் வாசனை. அவர் நோட்டீஸை மடித்து விசிறிக்கொண்டார், பிறகு விசிறுவதையும் விட்டுவிட்டார். கண் சொக்கியது. ஆவுடை காய்களைக் கூடையில் அள்ளிக்கொண்டு அவர் தோளைத் தட்டினாள்.

"எந்திரிங்க சார். நெழல் நகந்துட்டு, எடத்தக் காலி பண்ணணும்."